உருளைக்கிழங்கு சீஸ் கேசரோல்: வாசகர் கேள்விகள், எங்கள் பதில்கள்

மேலே பொன்னிறமாகவும் உள்ளே வெண்ணெய் போலவும் வர வேண்டிய உருளைக்கிழங்கு கேசரோல் (கிழங்கையும் சாஸையும் அடுக்கி ஓவனில் வேகவைக்கும் உணவு) பெரும்பாலும் இரண்டே இடங்களில்தான் காலை வாருகிறது. மேல்பக்கம் சிவந்துவிடும், உள்ளே கிழங்கு நறுக்கென்று நிற்கும். அல்லது முதல் கரண்டியை எடுத்ததுமே பாத்திரத்தின் அடியில் தண்ணீர் ஊறி நிற்கும். வந்திருக்கும் கேள்விகளும் இந்த இரண்டையே சுற்றி வருகின்றன. பதில்களில் டீஸ்பூன் என்பது 5 மில்லி, கப் என்பது 240 மில்லி. முடிந்தவரை கிராமில் அளந்துகொள்ளுங்கள்.

கேள்வி: ஆறு பேருக்குப் போதுமான, நம்பிச் செய்யக்கூடிய அளவும் செய்முறையும் சொல்லுங்கள். கிழங்கைப் பச்சையாக அடுக்குவதா, வேகவைத்து அடுக்குவதா என்பதிலேயே குழப்பமாக இருக்கிறது.

பதில்: முக்கால் பதம் வேகவைத்து அடுக்குங்கள். அதையும் தண்ணீரில் செய்யாமல் பாலில் செய்யுங்கள். கிழங்கிலிருந்து வெளியேறும் மாவுச்சத்து அந்தப் பாலிலேயே தங்கும். அதே பாலில் சாஸ் செய்தால் கிழங்கும் சாஸும் ஒன்றோடொன்று ஒட்டி நிற்கும். தண்ணீரில் வேகவைத்து வடித்தால் அந்த மாவுச்சத்தைக் கொட்டிவிடுகிறோம், கிழங்கின் மேல் ஒட்டிய தண்ணீரையும் பாத்திரத்துக்குள் கொண்டுபோகிறோம்.

தோல் சீவிய பின் 1 கிலோ உருளைக்கிழங்கு, 750 மில்லி கொழுப்பு நீக்காத பால், 30 கிராம் வெண்ணெய், 30 கிராம் மைதா, 200 கிராம் சீஸ், 100 மில்லி ஃப்ரெஷ் கிரீம், 10 கிராம் உப்பு (குவிக்காமல் தட்டையாக எடுத்தால் இரண்டு டீஸ்பூனுக்குச் சற்றுக் குறைவு), நசுக்கிய பூண்டு 3 பல், அரை டீஸ்பூன் மிளகுத்தூள், கால் டீஸ்பூனுக்கும் குறைவாக ஜாதிக்காய்த் தூள், 1 டீஸ்பூன் கடுகு பேஸ்ட். பாத்திரம் 20க்கு 30 செ.மீ., உயரம் 5 செ.மீ. இதைவிடச் சிறிய, ஆழமான பாத்திரத்தில் அடைத்தால் நடுப்பகுதி சூடாவதற்குள் ஓரம் பொங்கி வழிந்துவிடும்.

கிழங்கை 3 மில்லிமீட்டர் கனத்தில் வட்டமாக நறுக்குங்கள். கனம் எவ்வளவு என்பதை விட எல்லாம் ஒரே கனமாக இருப்பது முக்கியம். கையால் நறுக்கும்போது ஒரு வட்டம் 2, இன்னொன்று 5 மில்லிமீட்டர் என்று போனால் மெல்லியது கரைந்த பிறகும் தடித்தது வேகாமல் கிடக்கும். ஸ்லைசர் இருந்தால் பயன்படுத்துங்கள், விரல் பாதுகாப்புக்குத் தரும் பிடியை ஒருபோதும் கழற்றாதீர்கள். நறுக்கிய பின் கழுவ வேண்டாம். கறுத்துவிடும் என்று பயந்தால், பாலை முன்பே பாத்திரத்தில் ஊற்றி வைத்துக்கொண்டு நறுக்க நறுக்க அதிலேயே போட்டுவிடுங்கள்.

அகலமான, அடி கனத்த பாத்திரத்தில் பால், உப்பு, பூண்டு, கிழங்கு எல்லாவற்றையும் சேர்த்து நடுத்தரத் தீயில் வையுங்கள். கிழங்கு முழுவதும் மூழ்காது, அது பரவாயில்லை. தட்டையான மரக்கரண்டியால் அடியைத் தொட்டுத் தொட்டு, கீழே இருப்பதை மேலே புரட்டிவிடுங்கள். பால் கொப்புளிக்கத் தொடங்கியதும் தீயைக் குறைத்து மூடி, அதிலிருந்து 7 அல்லது 8 நிமிடம். ஒரு வட்டத்தைக் கரண்டியால் தூக்கிப் பாருங்கள். வளைய வேண்டும், உடையக் கூடாது. கத்தி நுனி ஓரத்தில் எளிதாக இறங்கி, நடுவில் மட்டும் லேசாகத் தடுக்க வேண்டும். அந்த இடத்தில் நிறுத்தி வடித்துவிடுங்கள்.

வடித்த பாலை அளந்து, 600 மில்லிக்குக் குறைந்தால் பால் சேர்த்து நிரப்புங்கள். வெண்ணெயை உருக்கி மைதாவைப் போட்டு, நிறம் மாறாமல் பச்சை வாசனை மட்டும் போகும்வரை 2 நிமிடம் வறுங்கள். பாலை மூன்று நான்கு தவணையாக ஊற்றி, ஒவ்வொரு முறையும் கட்டியில்லாமல் கலக்கிய பிறகே அடுத்ததை ஊற்றுங்கள். ஒரு கொதி வந்து 3 நிமிடம் கொதித்ததும் கிரீம், மிளகு, ஜாதிக்காய், கடுகு பேஸ்ட் சேர்த்து அடுப்பை அணையுங்கள். இரண்டு நிமிடம் ஆறவிட்டு 150 கிராம் சீஸைக் கைப்பிடி கைப்பிடியாகப் போட்டுக் கரையுங்கள். கரண்டியின் முதுகில் சாஸ் படிந்து, விரலால் ஒரு கோடு இழுத்தால் கோடு அப்படியே நிற்க வேண்டும். கோடு மூடிக்கொண்டால் சாஸ் நீர்த்திருக்கிறது. மறுபடி அடுப்பில் வைத்துக் கொதிக்கவிடாதீர்கள், சீஸ் பிரிந்துவிடும். சீஸ் போடும் முன்பே இந்தச் சோதனையை ஒரு முறை செய்துகொள்வது நல்லது.

வெண்ணெய் தடவிய பாத்திரத்தில் கிழங்கு ஒரு வரிசை, சாஸ் ஒரு வரிசை என்று மூன்று அடுக்கு. கடைசியில் கையால் லேசாக அழுத்திவிடுங்கள், இடையில் இருக்கும் காற்று வெளியேறும். பாத்திரத்தின் மேல் ஓரத்திலிருந்து ஒன்றரை செ.மீ. காலியாக இருக்கட்டும். உட்பக்கம் வெண்ணெய் தடவிய அலுமினியம் ஃபாயிலால் மூடி, முன்சூடு செய்த ஓவனில் 180 டிகிரி செல்சியஸில் 20 நிமிடம். ஃபாயிலை எடுத்து, மிச்சமிருக்கும் 50 கிராம் சீஸைத் தூவி இன்னும் 25 நிமிடம். விசிறி ஓடும் ஓவன் என்றால் 160 டிகிரி போதும்.

வெளியே எடுத்ததும் சாஸ் தளதளவென்று ஓடும். அதைப் பார்த்துக் கலங்கி மறுபடி உள்ளே வைக்காதீர்கள். 15 முதல் 20 நிமிடம் அப்படியே விடுங்கள். மாவுச்சத்துச் சாஸ் சூடு தணியத் தணியத்தான் இறுகும். தண்ணீராக வருகிறது என்று எழுதியவர்களில் சிலருக்கு இந்த 20 நிமிடம் ஒன்றே தீர்வாக இருக்கும்.

கேள்வி: பச்சைக் கிழங்கை அடுக்கி, பாலும் கிரீமும் ஊற்றி, 140 டிகிரியில் இரண்டு மணி நேரம் வைத்தேன். மெல்ல வேகவைத்தால் மென்மையாக வரும் என்று நினைத்தேன். கிழங்கு ரப்பர் மாதிரி நறுக்கென்றே இருந்தது. இரண்டு மணி நேரம் போதாதா?

பதில்: நேரம் போதுமானதுதான். சூடு ஏறிய வேகம்தான் தவறு. கிழங்கின் செல்களை ஒன்றோடொன்று ஒட்டி வைத்திருப்பது பெக்டின் என்ற பசை. அது கரைந்தால்தான் கிழங்கு மென்மையாகும். நன்றாகக் கரைய கிழங்கின் உட்பகுதி 85 டிகிரியைத் தாண்ட வேண்டும். ஆனால் போகிற வழியில் ஓர் இடையூறு இருக்கிறது. சுமார் 55 முதல் 65 டிகிரிக்குள் கிழங்கிலேயே இருக்கும் ஒரு என்சைம் வேலை செய்து, பெக்டினைச் சுண்ணாம்புச்சத்தோடு பிணையும்படி மாற்றிவிடுகிறது. அந்தப் பிணைப்பு விழுந்த கிழங்கு அதன் பிறகு எவ்வளவு நேரம் வேகவைத்தாலும் எளிதில் இளகாது. குளிர்ந்த பால், பச்சைக் கிழங்கு, கனமான பீங்கான் பாத்திரம், 140 டிகிரி எல்லாம் சேர்ந்தால் நடுப்பகுதி அந்தச் சூட்டுக்குள்ளேயே நெடுநேரம் கிடக்கிறது. பாலிலும் சுண்ணாம்புச்சத்து நிறைய.

அமிலமும் இதையேதான் செய்யும். புளித்த கிரீம், எலுமிச்சைச் சாறு, தக்காளி, வெள்ளை ஒயின் எதுவானாலும், கிழங்கு வேகும் முன் சேர்த்தால் பெக்டின் கரைய மறுக்கும். சேர்க்க வேண்டுமானால் கிழங்கு முக்கால் பதம் வெந்த பிறகு சேருங்கள்.

பச்சையாகத்தான் அடுக்க வேண்டும் என்றால் பாலையும் கிரீமையும் கொதிக்கக் கொதிக்க ஊற்றி, இறுக மூடி, 190 டிகிரியில் முதல் 30 நிமிடம், பிறகு 170 டிகிரியில் 45 நிமிடம். கத்தி நடுவில் தடையில்லாமல் இறங்கிய பிறகே ஃபாயிலை எடுக்க வேண்டும். சமையல் வெப்பமானி வைத்திருப்பவர்கள் நடுப்பகுதி 95 டிகிரியைத் தொட்டதா என்று பார்த்துக்கொள்ளலாம்.

ஏற்கெனவே நறுக்கென்று நின்றுவிட்டதை முழுதாக மீட்க முடியாது. 100 மில்லி சூடான பாலை ஓரங்களில் ஊற்றி, மூடி, 190 டிகிரியில் 30 நிமிடம் வைத்தால் சாப்பிடும் அளவுக்கு வரும்.

கேள்வி: சாஸ் மணல் மணலாகிவிட்டது, மேலே எண்ணெய் மிதக்கிறது. பால் கெட்டுப்போனதா?

பதில்: கெட்டுப்போன பால் என்றால் அடுப்பில் வைத்ததுமே திரிந்திருக்கும். நீங்கள் சொல்வதில் இரண்டு குறைகள் இருக்கலாம், இரண்டும் ஒரே நேரத்தில் வருவதும் உண்டு. ஒரு ஸ்பூன் சாஸை வெள்ளைத் தட்டில் ஊற்றிச் சாய்த்துப் பாருங்கள். ரவை போன்ற மென்மையான வெள்ளைத் துகள்கள், சுற்றிலும் மங்கலான நீர் என்றால் பால் திரிந்திருக்கிறது. விரலில் தேய்த்தால் இழுபடும் சிறு உருண்டைகள், சுற்றிலும் மஞ்சள் எண்ணெய் என்றால் சீஸ் பிரிந்திருக்கிறது.

பால் திரிவதற்குக் காரணம் பெரும்பாலும் மாவு போதாமை, கொழுப்பு குறைந்த பால், வதக்காத வெங்காயம் போன்றவற்றிலிருந்து வரும் லேசான அமிலம், அளவுக்கு மீறிய கொதி. மாவு கலந்த பாலில் புரதத் துகள்கள் ஒன்றையொன்று தேடிப்போய் ஒட்ட முடியாது. 250 மில்லி பாலுக்குக் குறைந்தது 10 கிராம் மைதா இருந்தால் அந்தக் காவல் கிடைக்கும். கொழுப்பு 30 சதவீதத்துக்கு மேல் உள்ள கிரீம் மாவில்லாமலேயே கொதியைத் தாங்கும். ஃப்ரெஷ் கிரீம் என்று விற்பதில் பலவற்றில் கொழுப்பு அதைவிடக் குறைவு. அவற்றைக் கடைசியில் சேர்ப்பதே நல்லது.

சீஸ் பிரிவது சூட்டால். கொதிக்கும் சாஸில் போட்டால் அதன் புரதம் சுருங்கி, உள்ளே பிடித்து வைத்திருந்த கொழுப்பை வெளியே தள்ளிவிடும். நாள்பட்ட முதிர்ந்த சீஸ் இதில் முதலில் பிரியும்.

சாஸ் நிலையிலேயே கவனித்துவிட்டால் காப்பாற்றலாம். எண்ணெய் பிரிந்ததற்கு, அடுப்பை அணைத்து, இரண்டு மூன்று மேசைக்கரண்டி வெதுவெதுப்பான பாலும் இரண்டு துண்டு பிராசஸ்டு சீஸும் போட்டு வேகமாக அடித்துக் கலக்குங்கள். பிராசஸ்டு சீஸில் இருக்கும் உப்புகள் கொழுப்பையும் நீரையும் சேர்த்துப் பிடிக்கும். ரவையாகத் திரிந்ததற்கு, சாஸை மட்டும் மிக்ஸியில் அரை நிமிடம் ஓட்டுங்கள். கிழங்கு ஒரு துண்டுகூட அதில் போய்விடக் கூடாது. பிளேடு பட்டதும் கிழங்கின் செல்கள் கிழிந்து, எல்லாம் பசையாக இழுக்கும். ஓவனுக்குள் போன பிறகு பிரிந்ததைக் கலக்கிச் சரிசெய்ய வழியில்லை. மிதக்கும் எண்ணெயைக் கரண்டியால் எடுத்துவிட்டு, 150 மில்லி கெட்டியான வெள்ளை சாஸை மேலே ஊற்றி 10 நிமிடம் வைத்துப் பரிமாறலாம்.

கேள்வி: எந்த சீஸ் வாங்க வேண்டும்? துருவிய பாக்கெட் சீஸ் போடலாமா? மொஸரெல்லா மட்டும் போட்டால் மேலே தோல் மாதிரி இறுகிவிடுகிறது.

பதில்: சாஸுக்குள் போகும் சீஸும் மேலே தூவும் சீஸும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. உள்ளே சுவை வேண்டும், வழுவழுப்பு வேண்டும். அதற்கு அதிகம் முதிராத செடார் 100 கிராமும், நன்றாக உருகும் கௌடாவோ பிராசஸ்டு சீஸோ 50 கிராமும் எங்கள் தேர்வு. க்ரூயேர் கிடைத்தால் செடாருக்குப் பதில் அதையே போடலாம், வறுத்த கொட்டைகளின் மணம் வரும். மொஸரெல்லா இழுவைக்குத்தான், சுவை மிகக் குறைவு. நீர் அதிகமுள்ள புது மொஸரெல்லா உருண்டையை இதில் போடவே வேண்டாம்.

மொஸரெல்லாவை 45 நிமிடமும் மேலே விட்டால் ஈரம் வற்றித் தோலாகத்தான் ஆகும். அதனால்தான் மேல் சீஸை ஃபாயில் எடுத்த பிறகு தூவச் சொன்னோம். அதோடு 2 மேசைக்கரண்டி பார்மெசான் போன்ற கடினமான சீஸைக் கலந்து தூவினால் மொறுமொறுப்பு வரும், இறுகாது.

துருவிய பாக்கெட் சீஸில் துருவல்கள் ஒட்டாமலிருக்க மாவோ செல்லுலோஸோ தூவியிருப்பார்கள். மேலே தூவப் பயன்படுத்தலாம். சாஸில் போட்டால் நாக்கில் லேசான கொரகொரப்பு தெரியும். கட்டியாக வாங்கி, ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த உடனே துருவுவது கடினம் என்று தோன்றினாலும், உண்மையில் குளிர்ந்த சீஸ்தான் அழகாகத் துருவ வரும். துருவிய பிறகு அறைச் சூட்டுக்கு வரட்டும். சாஸில் சட்டென்று கரையும்.

கேள்வி: மாவுக்கிழங்கா, வழவழப்பான கிழங்கா?

பதில்: இரண்டுக்கும் நடுவில் உள்ளது. மாவு மிகுந்தது சாஸை நன்றாக உறிஞ்சும், ஆனால் ஓரங்கள் கரையும். மெழுகு போன்ற கிழங்கு வடிவம் குலையாது, ஆனால் சாஸ் அதில் ஏறாமல் வழுக்கி நிற்கும். எந்த வகை என்று தெரியாவிட்டால் ஒரு துண்டை வேகவைத்து முள்கரண்டியால் அழுத்துங்கள். உதிர்ந்தால் மாவுக்கிழங்கு, பாலில் வேகும் நேரத்தில் 2 நிமிடம் குறையுங்கள். துண்டாகவே பிளந்தால் மற்றது, 2 நிமிடம் கூட்டுங்கள்.

ஃப்ரிட்ஜில் நாள்கணக்கில் இருந்த கிழங்கு இனிக்கும், சீக்கிரம் கருகும். குளிரில் அதன் மாவுச்சத்து சர்க்கரையாக மாறுவதே காரணம். பச்சை படர்ந்த பகுதியையும் முளைகளையும் ஆழமாக வெட்டி எறியுங்கள், பச்சை அதிகமென்றால் கிழங்கையே எறியுங்கள். அதிலுள்ள நச்சு வேகவைத்தாலும் போகாது.

கேள்வி: வீட்டில் ஓவன் இல்லை. அடுப்பிலேயே செய்ய வழி உண்டா? என் தோழியிடம் இருக்கும் சிறிய ஓடிஜியில் (மேசைமேல் வைக்கும் மின் ஓவன்) செய்தால் மேலே மட்டும் கருகிவிடுகிறதாம்.

பதில்: அடுப்பில் செய்யலாம். அளவைப் பாதியாக்குங்கள். 24 செ.மீ. அகலமுள்ள, மூடியுடன் கூடிய கனமான வாணலி போதும். 500 கிராம் கிழங்கை 400 மில்லி பாலில், உப்பும் பூண்டும் சேர்த்து, மூடி, சிறுதீயில் முழுதாக வேகும்வரை 12 முதல் 15 நிமிடம் வைத்து, இடையிடையே அடியைத் தொட்டுப் புரட்டுங்கள். 15 கிராம் வெண்ணெயையும் 15 கிராம் மைதாவையும் விரலால் பிசைந்து, சிறு சிறு உருண்டையாக அந்தப் பாலில் ஆங்காங்கே போட்டு, வாணலியை ஆட்டி ஆட்டிக் கரையுங்கள். கரண்டி போட்டுக் கிளறினால் கிழங்கு உடையும். 3 நிமிடம் கொதித்து மாவு வெந்ததும் அணைத்து, 75 கிராம் சீஸ் சேர்த்துப் புரட்டி, மேலே 50 கிராம் தூவி, வாணலிக்கு அடியில் ஒரு தடித்த தோசைக்கல்லை வைத்து, மிகச் சிறிய தீயில் மூடி 5 நிமிடம். சீஸ் உருகும், ஆனால் சிவக்காது. சிவந்த மேற்பரப்புக்கு ஈடாக 40 கிராம் பிரெட் தூளை 20 கிராம் வெண்ணெயில் பொன்னிறமாகத் தனியே வறுத்து, பரிமாறும் நேரத்தில் தூவுங்கள். முன்பே தூவினால் நமுத்துவிடும்.

ஓடிஜியில் மேல் கம்பி மிக அருகில் இருப்பதால்தான் கருகுகிறது. பாத்திரத்தின் மேல்மட்டத்துக்கும் கம்பிக்கும் இடையே 8 செ.மீ. இடைவெளியாவது இருக்க வேண்டும், தட்டைக் கீழ்த்தட்டில் வையுங்கள். முன்சூட்டுக்கு முழுதாக 15 நிமிடம் கொடுங்கள். மேல் கம்பியைத் தனியே அணைக்க முடிந்தால் ஃபாயில் மூடியிருக்கும்வரை கீழ்க்கம்பி மட்டும், கடைசி 15 நிமிடம் இரண்டும். சிறிய ஓவன்களில் திருகில் காட்டும் சூடும் உள்ளே இருக்கும் சூடும் அடிக்கடி ஒத்துப்போவதில்லை. உள்ளே தொங்கவிடும் சிறிய வெப்பமானி ஒன்று வாங்கி வைப்பது நல்ல செலவு.

மைக்ரோவேவ் மட்டும் என்றால் சூடான காற்றைச் சுழற்றும் கன்வெக்‌ஷன் வசதி வேண்டும். சாதாரண மைக்ரோவேவ் வேகவைக்கும், சிவக்க வைக்காது.

கேள்வி: அமெரிக்கக் குறிப்பு ஒன்றில் துருவிய உறைகிழங்கு, ஒரு டப்பா கிரீம் சூப், புளித்த கிரீம், மேலே கார்ன்ஃபிளேக்ஸ் என்று இருக்கிறது. டப்பா சூப்பும் உறைகிழங்கும் இல்லாமல் செய்ய முடியுமா?

பதில்: முடியும், சுவையும் கூடும். ஒரு டப்பா சூப் என்பது சுமார் 300 கிராம் கெட்டிச் சாஸ்தான். 30 கிராம் வெண்ணெய், 30 கிராம் மைதா, 120 மில்லி பால், 120 மில்லி காய்கறி அல்லது கோழி ஸ்டாக் (வேகவைத்து வடித்த சாறு) சேர்த்துக் கொதிக்கவைத்தால் அதற்கு ஈடாகும். கரண்டியிலிருந்து கட்டியாக விழ வேண்டும், வழியக் கூடாது. அந்தக் குறிப்புகள் டப்பாவில் இருக்கும் உப்பையும் நம்பி எழுதப்பட்டவை, அதனால் அரை டீஸ்பூன் உப்பு இதில் சேருங்கள்.

துருவலில்தான் பலரும் தவறுகிறார்கள். பச்சைக் கிழங்கைத் துருவிப் போட்டால் சில நிமிடங்களில் பழுப்பேறி, பின் சாம்பல் நிறமாகும், நீரும் விடும். முழுக் கிழங்கைத் தோலோடு, கத்தி ஒரு செ.மீ. இறங்கி நடுவில் தடுக்கும் பதம்வரை வேகவையுங்கள். நடுத்தர அளவுக் கிழங்குக்கு 15 நிமிடம் ஆகும். ஆறவைத்து ஒரு இரவு ஃப்ரிட்ஜில் வையுங்கள். மறுநாள் தோலுரித்துப் பெரிய கண் துருவியில் துருவினால், உதிரி உதிரியாக, ஒட்டாமல் விழும். குளிர்ந்த மாவுச்சத்து இறுகிவிடுவதால் சூட்டோடு துருவும்போது வரும் பசை இதில் வராது.

850 கிராம் துருவலுக்கு மேற்சொன்ன சாஸ் முழுவதும், ஒரு கப் புளித்த கிரீம், 200 கிராம் செடார், வதக்கிய வெங்காயம் ஒன்று. புளித்த கிரீமைச் சாஸ் ஆறிய பிறகே கலக்க வேண்டும். அதற்குப் பதில் தயிர் என்றால், நீர் முழுதும் வடிந்த கெட்டித் தயிரில் 1 டீஸ்பூன் கார்ன்ஃப்ளாரைக் குழைத்துச் சேர்த்தால்தான் சூட்டில் பிரியாது. 180 டிகிரியில் மூடாமல் 50 நிமிடம். 60 கிராம் கார்ன்ஃபிளேக்ஸைக் கையால் நொறுக்கி, 30 கிராம் உருகிய வெண்ணெயில் புரட்டிக் கடைசி 20 நிமிடத்தில் தூவுங்கள். உறைகிழங்கே கிடைத்தால் ஃப்ரிட்ஜில் முழுதாக உருகவிட்டு, துணியில் கட்டிப் பிழிந்த பிறகே சேருங்கள்.

கேள்வி: விருந்துக்கு முதல் நாளே செய்து வைக்கலாமா? ஃப்ரீசரில் வைக்கலாமா?

பதில்: முதல் நாள் செய்யலாம், வெட்டிப் பரிமாற அதுவே வசதி. மூடி வேகவைக்கும் 20 நிமிடத்தோடு 10 நிமிடம் கூட்டி, கிழங்கு முழுதாக வெந்ததும் எடுத்து ஆறவையுங்கள். சமைத்த இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜுக்குப் போய்விட வேண்டும், இரண்டு நாள் தாங்கும். பரிமாறும் நாளில் ஒரு மணி நேரம் முன்பு வெளியே எடுத்து, 3 மேசைக்கரண்டி பால் தெளித்து, மூடி 170 டிகிரியில் 30 நிமிடம், பிறகு சீஸ் தூவித் திறந்து 15 நிமிடம். நடுப்பகுதி 75 டிகிரியாவது சூடாக வேண்டும். கண்ணாடிப் பாத்திரத்தை ஃப்ரிட்ஜிலிருந்து நேரே சூடான ஓவனுக்குள் வைக்காதீர்கள், விரிசல் விட்டு உடையலாம்.

பச்சைக் கிழங்கை அடுக்கி இரவு முழுக்க வைப்பது வேண்டாம். சாஸுக்கு மேலே தெரியும் ஓரமெல்லாம் கறுத்துவிடும்.

ஃப்ரீசரை நாங்கள் பரிந்துரைக்க மாட்டோம். கிழங்கின் நீர் பனியாகி செல்களைக் கிழித்துவிடுகிறது, உருகும்போது கிழங்கு பஞ்சாகவும் சாஸ் நீராகவும் பிரியும். துருவல் கேசரோல் மட்டும் ஓரளவு தாங்கும்.

கேள்வி: இருபது பேருக்கு எல்லாவற்றையும் மூன்று மடங்காக்கிப் பெரிய பாத்திரத்தில் வைக்கலாமா?

பதில்: மூன்று பாத்திரங்களில் வையுங்கள். ஆழம் கூடினால் வேகும் நேரம் கணக்குக்குள் நிற்காது. பாலை மட்டும் மூன்று மடங்காக்க வேண்டாம். பெரிய பாத்திரத்தில் பால் குறைவாகவே வற்றும், 2 லிட்டரில் தொடங்குங்கள். வடித்த பிறகு சாஸுக்கு 1.8 லிட்டர் அளந்து எடுப்பதுதான் முக்கியம். கிழங்கை ஒரு கிலோ ஒரு கிலோவாகத் தனித்தனியே வேகவைத்தால் உடையாது, அதே பாலையே அடுத்தடுத்த முறைக்கும் பயன்படுத்தலாம். ஓவனில் இரண்டு தட்டுகள் வைத்தால் பாதி நேரத்தில் இடம் மாற்றி, மொத்தத்தில் 15 நிமிடம் கூட்டுங்கள்.

கேள்வி: காளான், கீரை, காலிஃப்ளவர் சேர்த்தால் தண்ணீர் விட்டுக்கொள்கிறது.

பதில்: அந்தத் தண்ணீரை முதலில் வெளியேற்றிவிட்டு, பிறகு காய்கறியைக் கேசரோலுக்குள் கொண்டுவாருங்கள். காளானை அகலமான வாணலியில் நீர் முழுதும் சுண்டி ஓரம் சிவக்கும்வரை வதக்க வேண்டும். கீரையை வதக்கிக் கையால் பிழிய வேண்டும், 250 கிராம் கீரை ஒரு கைப்பிடிக்கு வந்துவிடும். காலிஃப்ளவரைக் கொதிநீரில் 3 நிமிடம் போட்டு, வடித்து, துணியில் பரப்பி ஆவி போகவிடுங்கள். வெங்காயத்தைச் சிறுதீயில் 12 நிமிடம். ஒரு கிலோ கிழங்குக்கு வதக்கிய காய்கறி 250 கிராமைத் தாண்ட வேண்டாம்.

கேள்வி: கிராத்தான் தோஃபினுவா என்பதும் இதுவும் ஒன்றா?

பதில்: உறவு உண்டு, ஒன்றல்ல. அது பிரான்சின் தோஃபினே பகுதியைச் சேர்ந்தது. 1788இல் காப் நகரில் நடந்த ஒரு விருந்தின் பதிவில் அதன் பெயர் வருகிறது. பழைய முறையில் பச்சைக் கிழங்கு, பால் அல்லது கிரீம், பூண்டு மட்டுமே, சீஸ் கிடையாது, மைதாவும் கிடையாது. கிழங்கின் மாவுச்சத்தே சாஸைக் கெட்டியாக்கும். கிராத்தான் என்ற சொல், சுரண்டுவதைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல்லிலிருந்து வந்தது. பாத்திரத்தின் ஓரத்தில் பிடித்த மொறுமொறுப்பைச் சுரண்டி எடுப்பதை நினைத்தால் பெயர் பொருத்தம்தான்.

கேள்வி: சுவை சப்பென்று இருக்கிறது. மேலே உப்புத் தூவினால் மேலே மட்டும் கரிக்கிறது.

பதில்: கிழங்குக்குள் உப்பு ஏறுவது பாலில் வேகும்போது மட்டும்தான். அதனால் 10 கிராமையும் அப்போதே போட்டுவிடுங்கள். வடித்த பாலில் மிச்ச உப்பு இருக்கும், சாஸுக்கென்று தனியே போட வேண்டாம். சீஸ் கரைந்ததும் ஒரு வட்டக் கிழங்கைச் சாஸில் முக்கி, இரண்டையும் சேர்த்துச் சுவையுங்கள். சாஸை மட்டும் தனியே சுவைத்தால் சரியாக இருப்பது, கிழங்கோடு சேரும்போது குறைவாகத் தெரியும். முதிர்ந்த சீஸ் போடுகிறீர்கள் என்றால் 8 கிராமில் தொடங்கி, இந்த ஒரு வாய் சொல்வதைக் கேட்டுக் கூட்டுங்கள்.